வாந்தி வரவில்லை என்றொரு கவலை

குன்னத்துகால்
17-2-2024

அன்புள்ள தம்பி சதாசிவனுக்கு அக்கா எழுதுவது. அத்தானுக்கும் அஞ்சுவுக்கும் சுகம். எனக்குச் சுகமா என்று கேட்டால், அதுதான் இந்தக் கடிதத்தின் விஷயமே.

போனில் உன்னிடம் ஒன்றும் பேச முடிவதில்லை. கப்பல் கரையில் நிற்கிற இரண்டு நாளில்தான் நீ கூப்பிடுகிறாய். அஞ்சு உடனே ஸ்பீக்கரில் போடுகிறாள். அத்தான் காதைத் தீட்டிக்கொண்டு பக்கத்தில் நிற்கிறார். நான் "சொகம்தான் மக்கா" என்று சொல்லி போனைக் கொடுத்துவிடுகிறேன். கடிதமென்றால் மேசைமேல் திறந்து கிடந்தாலும் பயமில்லை. அப்பனும் மகளும் மலையாளம் படித்தவர்கள். இந்த வீட்டில் தமிழ் வாசிக்கத் தெரிந்தவள் நான் ஒருத்திதான்.

திங்கட்கிழமை திருவனந்தபுரத்தில் முதல் தடவை கீமோ ஏற்றினார்கள். மூன்று வாரத்துக்கு ஒன்றாக நாலு தடவை. மார்பில் இருக்கிற கட்டி சுருங்கினதும் ஆபரேஷன். மருந்தின் நிறத்தைக் கேட்டால் நம்பமாட்டாய், நல்ல சிவப்பு. கல்யாண ஜாக்கெட்டுக்கு எடுக்கிற துணி மாதிரி. அது ஏறும் முன்னால் ஒரு கேப்சூல், ஒரு ஊசி. வீட்டுக்கும் ஐந்து நாளைக்கு மாத்திரை. "இது எதுக்கு சிஸ்டரே?" என்று கேட்டேன். "சர்த்திக்காம இருக்கதுக்காக்கும் சேச்சி" என்றாள். வாந்தி வராமல் இருக்கவாம்.

வீட்டுக்கு வந்து கட்டிலடியில் பாத்திரம் வைத்துக்கொண்டு காத்திருந்தேன். செவ்வாய் இல்லை. புதன் இல்லை. வியாழக்கிழமை கஞ்சியும் பயறும் சாப்பிட்டேன். அத்தானுக்கு ஒரே சந்தோஷம். எனக்குத்தான் உள்ளே ஒரு உறுத்தல்.

அப்பா பாம்புக்கடிக்கு மருந்து கொடுத்த காலத்தில் நீ சின்னப் பிள்ளை. பச்சிலை அரைத்ததெல்லாம் நான்தான். கடிபட்டவன் வாந்தி எடுத்துவிட்டால் அப்பா முகம் தெளிந்துவிடும். "விஷம் இறங்கியாச்சு, இனி பயமில்ல" என்பார். இந்தக் கீமோவும் விஷம்தான் என்று டாக்டரே சொல்கிறார். அது வெளியே வராமல் எங்கே போய் உட்கார்ந்திருக்கிறது? உங்கள் கப்பலில் ஒரு டாக்டரம்மா உண்டே, அவரிடம் கேட்டு எழுது.

வேளாவேளைக்குச் சாப்பிடு. ஊருக்கெல்லாம் சமைத்துவிட்டு நீ பட்டினி கிடக்காதே.

உன் அக்கா,
பிரேமகுமாரி

*

போர்ட் பிளேயர்
28-2-2024

அன்பு அக்காவுக்கு, நான் நன்றாக இருக்கிறேன். எடை இரண்டு கிலோ கூடியிருக்கிறது என்பதையும் சேர்த்து எழுதுகிறேன், நம்பிக்கொள்.

வாந்தி வரவில்லை என்று கவலைப்படுகிற ஒரே ஆள் உலகத்தில் நீதான். சென்னையிலிருந்து இங்கே வந்து சேர்வதற்குள் எங்கள் பயணிகளில் பாதிப்பேர் ரெயிலிங்கைப் பிடித்துக்கொண்டு நிற்பார்கள். நான் வைத்த சாம்பாரை மீன்தான் அதிகம் தின்கிறது.

டாக்டர் பிரசீதாவிடம் உன் கடிதத்தைப் படித்தே காட்டினேன். சமையல் சாமான் சீட்டின் பின்பக்கம் படம் போட்டு விளக்கினார். எனக்குப் புரிந்ததை எழுதுகிறேன். கீமோ மருந்து வயிற்றில் உட்கார்ந்து குமட்டுவதில்லையாம். அது ரத்தத்தில் ஓடுகிறபோது குடல் சுவரிலுள்ள சில செல்கள் மிரண்டுபோய் செரோட்டோனின் என்று ஒரு பொருளைக் கொட்டுகின்றன. பக்கத்திலேயே ஒரு நரம்பு உண்டு. அந்த நரம்பின் நுனியில் செரோட்டோனின் போய் உட்காருவதற்கென்றே இடம் இருக்கிறது. ரிசெப்டர் என்கிறார்கள். அதில் உட்கார்ந்தால்தான் "வெளியே தள்ளு" என்று மூளைக்குத் தகவல் போகும்.

அமரவிளையில் பஸ் வந்து நின்றதும் ஜன்னல் வழியாகத் துண்டு போட்டு சீட் பிடிப்பார்களே, உன் மாத்திரை அந்த வேலையைத்தான் செய்கிறது. முதலில் போய் இடத்தைப் பிடித்துக்கொள்ளும். தானும் பேசாது, வந்தவனையும் உட்கார விடாது. செரோட்டோனின் வந்து பார்த்துவிட்டு நின்றுகொண்டே இருக்கும். மூளைக்குத் தகவலே போகாது.

கேப்சூல் வேறு. இரண்டாம் நாள், மூன்றாம் நாள் வருகிற குமட்டலுக்கு மூளைக்குள்ளேயே இன்னொரு தூதன் உண்டு, அவனுடைய இடத்தை அது பிடிக்கிறது. என் பயணிகளின் வாந்தி கப்பல் ஆட்டத்தில் காதுக்குள்ளிருந்து கிளம்புகிறது. அதனால் கப்பல் மாத்திரை உனக்கு உதவாது, அனுப்பச் சொல்லாதே.

மாத்திரையை ஒழுங்காகப் போடு. அத்தானுக்கு என் வணக்கம்.

தம்பி,
சதாசிவன்

*

குன்னத்துகால்
7-3-2024

அன்புள்ள தம்பிக்கு, உன் பதில் இன்னும் வந்து சேரவில்லை. கடல் தாண்டி வர வேண்டுமே. வீட்டில் எல்லோருக்கும் சுகம்.

திங்கட்கிழமை இரண்டாம் தடவை முடிந்தது. இந்த முறை எனக்கு நல்ல திருப்தி. தையல்காரி சும்மா இருப்பாளா, கட்டியை நாடா வைத்து அளந்தேன். கீமோ தொடங்கும் முன்னால் இரண்டேகால் அங்குலம் இருந்தது. இரண்டாம் தடவைக்குப் போன அன்று காலையில் ஒன்றேமுக்கால். இனி இன்னும் வேகமாகக் குறையும் என்று பார்க்கிறேன்.

ஒரு பேச்சுக்குக் கேட்கிறேன். ஒருவருக்கு மூன்று நாள் தொடர்ந்து வாந்தி இருந்தால் விஷம் எவ்வளவு போயிருக்கும்? அதற்கு ஏதாவது கணக்கு உண்டா? டாக்டரம்மாவிடம் கேள்.

பின்பக்கத்துச் சாய்ப்புக் கொட்டகையில் கட்டில் போட்டுப் படுத்திருக்கிறேன். அங்கே காற்று உண்டு. அத்தான் விடிந்தால் ரப்பர் வெட்டப் போய்விடுகிறார், அஞ்சு பாறசாலைக்கு வேலைக்குப் போய்விடுகிறாள், எனக்குத் தொந்தரவில்லை. பென்சிலால் எழுதுவதற்குக் கோபிக்காதே, பேனா கையில் நிற்கவில்லை.

அக்கா

*

போர்ட் பிளேயர்
21-3-2024

அக்காவுக்கு. நான் சுகம். நீ சுகமில்லை என்று எனக்குத் தெரியும்.

கப்பல் கரை சேர்ந்து சிக்னல் கிடைத்ததும் அஞ்சுவின் செய்தி வந்தது. பென்சில் கடிதம் எழுதிய மறுநாளே நீ வாந்தி எடுத்தெடுத்துச் சாய்ப்பில் மயங்கிக் கிடந்தாயாம். காரக்கோணம் ஆஸ்பத்திரியில் இரண்டு நாள் குளுக்கோஸ் ஏற்றினார்களாம். கூப்பிட்டேன். "அம்மை ஒறங்குது மாமா" என்றாள். மூன்று தடவை கூப்பிட்டேன், மூன்று தடவையும் ஒறக்கம். நீ சொல்லிக்கொடுத்ததுதானே?

பென்சில் கடிதத்தை டாக்டர் பிரசீதாவிடம் காட்டினேன். அவர் நிதானமாக ஒரு கேள்வி கேட்டார். "முதல் தடவை ஒன்றுமில்லை, இரண்டாம் தடவை மட்டும் மறுநாளிலிருந்து இவ்வளவு வாந்தி. வீட்டுக்குக் கொடுத்த மாத்திரையை அவர் போட்டாரா?"

ஏ அக்கா, நீ போட்டாயா? எனக்கு வந்த கோபத்தில் அன்றைக்கு மதியம் குழம்பில் இரண்டு தடவை உப்புப் போட்டேன். ஆமா அல்லது இல்லை, ஒரே வார்த்தை எழுது. இல்லையென்றால் அஞ்சுவுக்கு மலையாளத்தில் எழுதுவேன். என் மலையாளம் எவ்வளவு கேவலம் என்று உனக்குத் தெரியும், ஆனாலும் எழுதுவேன்.

சதாசிவன்

*

குன்னத்துகால்
30-3-2024

அன்புள்ள தம்பிக்கு, எழுந்து நடக்கிறேன், கஞ்சி இறங்குகிறது. உன் கோபம் ஐந்து ரூபாய் கவருக்குள் அடங்கவில்லை, தெரியுமா. கையெழுத்திலேயே அடி விழுந்தது.

இல்லை. போடவில்லை.

ஆஸ்பத்திரியில் போட்ட ஊசியைத் தடுக்க முடியவில்லை. வீட்டுக்குத் தந்ததையெல்லாம் பட்டன் டப்பாவில் போட்டு மூடி வைத்தேன். மறுநாள் காலையில் தொடங்கியது. முதல் வாந்தி வந்தபோது, உன்னிடம் சொல்வதற்கென்ன, எனக்கு நிம்மதியாக இருந்தது. போகிறது, போகிறது என்று நினைத்தேன். நாலாம் நாள் போவதற்கு உள்ளே ஒன்றுமில்லை, அப்போதும் நிற்கவில்லை.

உன் பஸ் கதை நான் ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிறகுதான் கிடைத்தது. நாலு தடவை படித்தேன். நன்றாகத்தான் இருக்கிறது. வாந்தி எங்கிருந்து கிளம்புகிறது என்று அது சொல்கிறது. விஷம் எந்த வழியாக வெளியே போகிறது என்று சொல்லவில்லையே. சீட்டைப் பிடித்துவிட்டால் அது உள்ளேயே கிடந்து மக்காதா? அதற்குப் பதில் உண்டா?

எடை குறைந்துவிட்டது, ரத்தமும் குறைவு என்று மூன்றாம் தடவையை ஏப்ரல் பதினைந்துக்குத் தள்ளிவைத்திருக்கிறார்கள். அதுவும் நானே வரவழைத்ததுதான். இன்னொரு கூத்து கேள். பக்கத்து வீட்டுப் பிரதீஷின் கல்யாணப் பெண்ணுக்கு ஜாக்கெட் தைக்கச் சிவப்புப் பட்டு கொண்டுவந்தார்கள். துணியைப் பிரித்ததுதான் தாமதம், ஓக்காளம் வந்து கிணற்றடிக்கு ஓடினேன். பட்டுத்துணிக்கு என்ன விஷம் உண்டு? எனக்கே வியப்பாக இருக்கிறது.

மூன்றாம் தடவைக்குப் போகவே மனசில்லை. அஞ்சுவுக்கு எழுதாதே. அந்தப் பிள்ளை தாங்கமாட்டாள்.

அக்கா

*

போர்ட் பிளேயர்
8-4-2024

அன்பு அக்காவுக்கு, உண்மையை எழுதினதற்கு நன்றி. கோபம் போய்விட்டது, பயம்தான் பாக்கி. இதை ஸ்பீட் போஸ்டில் அனுப்புகிறேன்.

உன் கேள்வியைக் கேட்டதும் டாக்டர் பிரசீதா, "நல்ல கேள்வி, படிக்கிற பிள்ளைகளே இதைக் கேட்பதில்லை" என்றார். பெருமைப்பட்டுக்கொள். பதில் இது. கை நரம்பு வழியாக ஏறுகிற மருந்து வயிற்றுக்குள் வருவதே இல்லை. ரத்தத்தோடு கட்டிக்குப் போய் வேலை செய்கிறது. மிச்சத்தை ஈரல் பித்தத்தோடு குடலுக்குத் தள்ளும், கொஞ்சம் சிறுநீரில் போகும். வாந்தியில் வெளியே வருவது நீ குடித்த கஞ்சித் தண்ணீர்தான். மாத்திரை பிடித்துவைக்கிற சீட் வாந்திக்கான சீட். கட்டிக்குப் போகிற வண்டியை அது தொடுவதில்லை.

சாட்சி வேண்டுமா? மருந்து ஏற்றிய அன்று உனக்கு மூத்திரம் சிவப்பாகப் போயிருக்கும். போனதா இல்லையா? போயிருந்தால், அதுதான் அது போகிற வழி.

பட்டுத்துணி விஷயமும் கேட்டேன். ஒரு தடவை கடுமையாக வாந்தி எடுத்தால் மூளை அதை மனப்பாடம் செய்துவிடுமாம். அந்த நிறம், அந்த வாசனை, அந்த வாசல் எதைக் கண்டாலும் முன்கூட்டியே குமட்டும். அதற்கு இந்த மாத்திரைகள் அவ்வளவாகக் கேட்பதில்லை. அதனால்தான் தொடக்கத்திலேயே வாந்தி வராமல் பார்த்துக்கொள்கிறார்கள். கொஞ்ச நாளில் அடங்கும் என்றார்.

இந்த உறைக்குள் அஞ்சுவுக்கு மலையாளத்தில் ஒரு கடிதம் வைத்திருக்கிறேன். எல்லாவற்றையும் எழுதியிருக்கிறேன். கொடுக்கிறாயோ, கிழிக்கிறாயோ, உன் இஷ்டம். ஒன்று மட்டும் எனக்குப் பிடிபடவில்லை அக்கா. நீ யார் சொன்னதையும் அப்படியே விழுங்குகிற ஆளில்லை. அப்பா சொன்னார் என்பதற்காக மட்டுமா இவ்வளவும் செய்தாய்?

தம்பி

*

குன்னத்துகால்
14-4-2024, விஷு

அன்புள்ள மக்கா, கணி கண்டோம். அஞ்சுவுக்கு அத்தான் கைநீட்டக் காசு கொடுத்தார். உடம்புக்குப் பரவாயில்லை.

சிவப்பாகத்தான் போனது, இரண்டு தடவையும். பயந்துபோய் யாரிடமும் சொல்லவில்லை. உன் கடிதத்தில் அந்த வரியை மறுபடி மறுபடி படித்தேன். கட்டியையும் அளந்தேன், ஒன்றரை. மாத்திரை போட்ட தடவை அரை அங்குலம் குறைந்தது, வாந்தி எடுத்துச் செத்துப் பிழைத்த தடவை கால் அங்குலம். நாடா பொய் சொல்லாது.

ஆனாலும் நாளைக்குப் போகவில்லை. காய்ச்சல் என்று அஞ்சுவை ஆஸ்பத்திரிக்குக் கூப்பிட்டுச் சொல்லச் சொல்லி, இருபத்திரண்டுக்கு மாற்றி வாங்கியிருக்கிறேன். அவளுக்கு நீ எழுதிய கடிதம் தலையணைக்கு அடியில் இருக்கிறது.

நீ கேட்டதற்குப் பதில் சொல்கிறேன். அம்மை பனிக்காய்ச்சல் வந்து போனாள் என்றுதானே உனக்குச் சொல்லி வளர்த்தோம். இல்லை மக்கா. மரச்சீனிக் கிழங்கு பிடுங்கப் போன இடத்தில் பாம்பு கடித்தது. உனக்கு நாலு வயசு, எனக்குப் பதினொன்று. அப்பா பச்சிலைச் சாறு பிழிந்து ஒரு கிண்ணம் நிறைய என் கையில் தந்தார். "முழுக்கக் குடுத்திரு மக்கா, வாந்தி எடுத்தா இறங்கீரும்" என்று சொல்லிவிட்டு இன்னொரு வேர் தோண்ட ஓடினார். அம்மை ஒரு வாய் குடித்தாள். "கசக்குது மக்கா, எனக்கு வேண்டாம்" என்று என் கையைப் பிடித்துக்கொண்டாள். எனக்குப் பாவமாக இருந்தது. பாதிக்கு மேல் வாழை மரத்து மூட்டில் கொட்டினேன்.

அப்பா வந்து "முழுக்கக் குடிச்சாளா?" என்றார். "குடிச்சா" என்றேன்.

வாந்தி வரவில்லை. சாயங்காலத்துக்குள் போய்விட்டாள். அப்பா அதற்குப் பிறகு யாருக்கும் மருந்து கொடுக்கவில்லை. தன் மருந்து தோற்றது என்று நினைத்தே செத்தார். நான் வாய் திறக்கவில்லை.

உன் டாக்டரம்மா சொல்வதை நம்ப எனக்கு ஆசையாக இருக்கிறது. ஆசையாக இருப்பதால்தான் பயம். வாந்தியில் விஷம் போகாது என்று நம்பினால் அந்தப் பாதிக் கிண்ணம் குற்றமில்லை என்றாகிவிடும், எனக்கு அல்லவா லாபம்? என்னை நானே தப்பிக்க வைக்கிறேனோ என்று தோன்றுகிறது. மாத்திரையைக் கையில் எடுத்தால் அந்தக் கிண்ணம்தான் தெரிகிறது. அம்மைக்கு வராதது எனக்கு வரட்டும் என்றுதான் டப்பாவை மூடினேன். இப்போதும் அதுதான் நிலைமை.

இதை ஸ்பீட் போஸ்டில் போடுகிறேன், உன் பதில் வந்தால் போவேன். வராவிட்டால் போகமாட்டேன். உன்னிடமும் இத்தனை வருஷம் மறைத்தேன், பொறுத்துக்கொள்.

அக்கா

*

போர்ட் பிளேயர்
20-4-2024

அக்கா,

உன் கடிதம் இப்போதுதான் கைக்கு வந்தது. தபாலில் போட்டால் திங்கட்கிழமைக்குள் சேராது. அதனால் இதை எழுதிப் படம்பிடித்து அஞ்சுவின் போனுக்கு அனுப்புகிறேன். அவளுக்கு வாசிக்கத் தெரியாது, உன் கையில் தரச் சொல்லியிருக்கிறேன். எழுத்து சிறிதாக இருந்தால் விரலால் விரித்துப் பார்.

டாக்டரிடம் யார் கதை என்று சொல்லாமல்தான் கேட்க நினைத்தேன். முடியவில்லை, அழுதுவிட்டேன். சமையல்கட்டில் எல்லோரும் வெங்காயம் என்று நினைத்தார்கள்.

அவர் சொன்னதை ஒரு வார்த்தையும் கூட்டாமல் எழுதுகிறேன். பாம்பின் விஷம் பல் இறங்கின இடத்திலிருந்து உடம்பில் ஊறி ரத்தத்தில் கலக்கிறது. வயிற்றுக்கு அதில் பங்கே இல்லை. வாந்தி எடுத்தாலும் ஒரு துளி குறையாது. பிழைத்தவர்கள் உடம்பில் விஷம் குறைவாக ஏறியதால் பிழைத்தார்கள், வாந்தி எடுத்ததால் அல்ல. அன்றைக்கு அம்மைக்கு உதவியிருக்கக்கூடியது விஷமுறிவு ஊசி ஒன்றுதான். ஒரு கிண்ணமல்ல, ஒரு குடம் சாறு கொடுத்திருந்தாலும் இதே முடிவுதான். "இதில் ஏதாவது சந்தேகம் உண்டா டாக்டர்?" என்று மூன்று தடவை கேட்டேன். இல்லை என்றார். உனக்கு லாபம் என்பதால் அது பொய்யாகிவிடாது.

இனி நான் சொல்வது. அம்மை கடைசியாகக் கேட்டது ஒன்றே ஒன்று, கசப்பு வேண்டாம் என்று. அந்த வீட்டில் அதைக் கேட்டு நடந்தவள் நீ ஒருத்திதான். எனக்கு அம்மையின் முகமே ஞாபகமில்லை. என்னைக் குளிப்பாட்டினதும், சோறு ஊட்டினதும், பள்ளிக்கூடத்தில் விட்டதும் நீ. நீயும் போய்விட்டால் எனக்கு யார் உண்டு? மாத்திரை போடு அக்கா. காலைப் பிடித்துக் கேட்கிறேன்.

சதாசிவன்

*

குன்னத்துகால்
27-4-2024

அன்புள்ள தம்பிக்கு, இங்கே எல்லோருக்கும் சுகம். இந்த வார்த்தையை இந்தத் தடவை யோசிக்காமலே எழுதினேன்.

அஞ்சு போனை நீட்டி, "மாமன் எதோ எழுதியிருக்கு, என்ன அம்மே?" என்றாள். படித்துவிட்டு முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டேன். அந்தப் பிள்ளை பயந்து போனாள். தலையணைக்கு அடியிலிருந்த உன் மலையாளக் கடிதத்தை எடுத்துக் கொடுத்தேன். முதலில் உன் எழுத்துப் பிழைகளுக்குச் சிரித்தாள். பிறகு சிரிப்பு நின்றது. பட்டன் டப்பாவைக் கொண்டுவந்து கட்டிலில் கவிழ்த்து, பட்டனுக்கு நடுவிலிருந்து ஒவ்வொரு மாத்திரையாகப் பொறுக்கினாள். "கொல்லப் பாத்தியே எங்கள!" என்று என் தோளில் நாலு அடி அடித்தாள். அத்தான் அவற்றை எண்ணி எடுத்து வைத்துக்கொண்டார். இப்போது அவர்தான் நேரம் பார்த்து மாத்திரை தருகிறார். நான் விழுங்கினதும் வாயைத் திறக்கச் சொல்லிப் பார்க்கிறார். வெட்கக்கேடு.

திங்கட்கிழமை மூன்றாம் தடவை ஏற்றியாச்சு. சிவப்பைப் பார்த்ததும் குமட்டியது. கண்ணை மூடிக்கொண்டு, சீட்டில் துண்டு போட்டாச்சு, போட்டாச்சு என்று சொல்லிக்கொண்டிருந்தேன். வேறொன்றும் வரவில்லை. நேற்று ஓட்டுப் போட ஒன்றரை மணி நேரம் வரிசையில் நின்றேன். திரும்பி வந்து மரச்சீனியும் மீன்கறியும் சாப்பிட்டேன். அஞ்சாம் நாளில் மீன்கறி, கேட்டியா! வயிறு இளகாமல் கிடக்கிறது, தலை வலிக்கிறது, அதெல்லாம் மாத்திரையின் குணமாம். இருந்துவிட்டுப் போகட்டும். கடைசித் தடவை மே பதின்மூன்று. அன்றைக்கு லீவு கிடைத்தால் வா.

நாற்பத்து மூன்று வருஷமாக அம்மையை நினைத்தாலே எனக்குப் பயம்தான் வரும், மக்கா. அதனால் நினைக்கவே மாட்டேன். நேற்றுச் சாப்பிட்டுவிட்டுக் கை கழுவும்போது சும்மா அவள் நினைவு வந்தது. நல்ல நீளமான முடி அவளுக்கு. குளித்துவிட்டு வந்து உன்னை மடியில் போட்டுக்கொண்டு முற்றத்தில் உட்கார்ந்து அதை உலர்த்துவாள். உனக்கு முகம் ஞாபகமில்லை என்று எழுதியிருந்தாயே, எனக்கு நன்றாக ஞாபகமுண்டு. நீ வா, சொல்லித் தருகிறேன்.

உன் அக்கா,
பிரேமகுமாரி